மூன்றாம் பதிப்பில் நின்ற குடம்

புதன்கிழமை மத்தியானம் ஒரு மணி சுமாருக்கு இசக்கிசெல்வியின் கரகம் ஆகாயத்துக்குப் போய்விட்டது.

நிஜக் கரகம் இல்லை, கம்ப்யூட்டர் கரகம்தான். ஆனாலும் மூன்று வருஷம் பார்த்துப் பார்த்துச் செய்த பொருள், கண்ணெதிரே சர்ரென்று கிளம்பி, பஜார் ரோட்டுக் கிட்டங்கிகளின் ஓட்டுக்கூரைகளைத் தாண்டி, புள்ளியாகி மறைந்தால் யாருக்குத்தான் மனசு ஆறும்? பக்கத்தில் இருந்த நிகில் விழுந்து விழுந்து சிரித்தான்.

"சேச்சி, இது குடமா ராக்கெட்டா?"

கேமுக்குப் படம் வரைந்தவன் அவன். ஆடு, ஆட்டோ, அம்மன் எல்லாம் அவன் கைவண்ணம். எதற்கும் சிரித்துவிடுகிற சுபாவம். செல்வி முறைத்த முறைப்பில் சிரிப்பை விழுங்கிக்கொண்டு, "சாயா குடிச்சிட்டு நோக்காம்" என்று எழுந்து போனான்.

இசக்கிசெல்விக்கு வயது முப்பத்தொன்று. காலை ஆறு மணியிலிருந்து பன்னிரண்டு வரை கார்ப்பரேஷனின் குப்பை ஆட்டோ ஓட்டுகிறவள். பன்னிரண்டுக்கு மேல் வீடியோ கேம் செய்கிறவள். இதில் எது வேலை, எது விளையாட்டு என்று மட்டாஞ்சேரித் தமிழ்க் காலனிக்காரர்கள் இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை. அவள் செய்த கேமின் பெயர் 'கரகம்'. தலையில் பூ ஜோடித்த குடத்தை வைத்துக்கொண்டு, கையால் தொடாமல், படகுத்துறையிலிருந்து காலனி மாரியம்மன் கோயில் வரை நடக்க வேண்டும். அவ்வளவுதான் விளையாட்டு. ஆனால் நடுவில் இருப்பது மட்டாஞ்சேரி. குறுக்கே ஆடு வரும். மிளகு மூட்டை சுமக்கிறவர் வருவார். நடு ரோட்டில் நின்று தன்னையே போட்டோ எடுத்துக்கொள்கிற வெள்ளைக்காரி வருவாள். ஆட்டோக்காரர் ஹாரன் அடித்துக்கொண்டே பின்னால் வருவார். கேமில் வருகிற சந்து ஒவ்வொன்றும் செல்வி தினமும் குப்பை எடுக்கிற சந்து. எந்த வளைவில் எத்தனை பள்ளம் என்று கண்ணைக் கட்டிவிட்டாலும் சொல்லுவாள்.

கேம் செய்கிறவர்கள் எல்லாவற்றையும் தாங்களே செய்வதில்லை. அதற்கென்று 'எஞ்சின்' என்ற மென்பொருள் இருக்கிறது. கல்யாண மண்டபம் மாதிரி வைத்துக்கொள்ளுங்கள். பந்தல், விளக்கு, பாத்திரம் பண்டம் எல்லாம் அங்கேயே இருக்கும். நாம் பெண்ணையும் மாப்பிள்ளையையும் கூட்டிக்கொண்டு போனால் போதும். தரை என்றால் கால் பாவ வேண்டும், சுவர் என்றால் முட்ட வேண்டும், மேலே இருப்பது கீழே விழ வேண்டும் என்பதையெல்லாம் எஞ்சின் பார்த்துக்கொள்ளும். செல்வியின் எஞ்சினுக்கு வாயில் நுழையாத நீளத்தில் ஒரு பெயர் இருந்தது. அதன் அடையாளப் படம் ஒரு வண்டு என்பதால் அவளுக்கு அது வண்டுதான். அவளிடம் இருந்தது வண்டு மூன்றாம் பதிப்பு. உலகம் நான்குக்குப் போய், ஐந்துக்கும் போய்விட்டது. செல்வி போகவில்லை. ஆபீஸ் ஏலத்தில் எடுத்த அவளுடைய கிழட்டு லேப்டாப்பில் மூன்றுதான் ஓடும் என்பது ஒரு காரணம். ஓடுகிற வண்டியில் கை வைக்காதே என்று கார்ப்பரேஷன் ஷெட்டில் மெக்கானிக் சொல்லிக் கொடுத்தது இன்னொரு காரணம்.

அப்படிக் கை வைக்காதவளைக் கை வைக்கவைத்தது கலூரிலிருந்து வந்த ஒரு போன். ஸ்டேடியத்துக்குப் பக்கத்து மண்டபத்தில் ஞாயிற்றுக்கிழமை வீடியோ கேம் கண்காட்சி. வந்த இருநூறு கேம்களில் பத்தைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். பத்தில் ஒன்று 'கரகம்'. கண்காட்சியை நடத்துகிற மஞ்சுஷா சந்தோஷமாகத்தான் பேசினாள். கடைசியில்தான் வாழைப்பழத்தில் ஊசி ஏற்றினாள். மண்டபத்து மெஷின்களில் வண்டு ஐந்தாம் பதிப்பில் செய்த கேம்தான் ஓடும். சனிக்கிழமை சாயங்காலத்துக்குள் மாற்றிக் கொடுக்க வேண்டும். முடியாவிட்டால் வரிசையில் அடுத்து நிற்கிற கேமுக்கு அந்த இடம் போய்விடும்.

செல்விக்கு இதில் ஓர் ஆசை இருந்தது. பரிசும் இல்லை, பேரும் இல்லை. முன்பின் தெரியாத ஒரு ஆள் தன் கேமை விளையாடுவதைப் பின்னால் நின்று ஒரு தடவை பார்த்துவிட வேண்டும். மூன்று வருஷமாக விளையாடியவர்கள் எல்லாரும் காலனி ஜனங்கள். காக்கைக்கும் தன் குஞ்சு பொன் குஞ்சு. குடம் விழுந்தாலும் "சூப்பர்டீ" என்பார்கள், நின்றாலும் "சூப்பர்டீ" என்பார்கள். கரகம் என்றால் என்னவென்றே தெரியாத ஒருத்தரின் கழுத்து, குடத்துக்காகப் பதறுகிறதா என்று அவள் பார்க்க வேண்டும்.

அதற்காகத்தான் நிகிலின் புது லேப்டாப்பில் ஒரு நகல் எடுத்துவைத்து, 'பழைய பதிப்பில் செய்தது, மாற்றட்டுமா?' என்று வண்டு ஐந்து கேட்டபோது, குலதெய்வத்தை நினைத்துக்கொண்டு 'ஆம்' என்று அழுத்தினாள். குடம் பறந்தது.

வியாழக்கிழமை முழுக்க ஒட்டுப்போடும் வேலை நடந்தது. நிகில் ஒரு வழி சொன்னான். குடத்தைத் தலையோடு சேர்த்துப் பிணைத்துவிடலாம் என்றான். பிணைத்தார்கள். குடம் பறக்கவில்லை. அதைச் சோதித்துப் பார்க்கப் பிச்சையைக் கூப்பிட்டார்கள்.

பிச்சை கார்ப்பரேஷனில் தெருவிளக்குப் பிரிவு. காலனித் திருவிழாவில் பத்தொன்பது வருஷமாகக் கரகம் எடுக்கிறவர். கேமில் நடப்பதும் அவர் நடைதான். திருவிழாவுக்கு முந்தின ஒத்திகையைச் செல்வி போனில் படம் பிடித்து, அந்த நடையை அப்படியே இறக்கியிருந்தாள். கேம் விளையாடும்போது பிச்சைக்கு ஒரு வழக்கம் உண்டு. திரையில் குடம் இடது பக்கம் சாய்ந்தால் அவருடைய நிஜக் கழுத்து வலது பக்கம் சாயும். அந்த அவசரத்தில் விரல் பட்டனை மறந்துபோகும். அதனால் கரகம் எடுப்பதில் சூரப்புலியான மனுஷன், கேமில் ஒரு தடவைகூடக் கோயில் போய்ச் சேர்ந்ததில்லை.

அன்றைக்குக் கழுத்து சாயவில்லை. ஆட்டில் முட்டினார், ஆட்டோவில் இடித்தார், வேண்டுமென்றே சுவரில் போய் மோதினார். குடம் அசையவில்லை. கன்ட்ரோலரைக் கீழே வைத்துவிட்டார்.

"என்ன புள்ள இது? ஆணி அடிச்சு வச்சிருக்கியா?"

"விழாம இருக்கணும்ல அண்ணே."

"விழவே விழாதுன்னா பின்னே நான் எதுக்கு? ஒரு கம்பத்துல கெட்டி வச்சாப் போதுமே" என்று எழுந்தார். அவர் கோபப்பட்டு யாரும் பார்த்ததில்லை. செல்விக்கு முகம் சுண்டிப்போனது. அவர் சொன்னது நியாயம் என்று அவளுக்கே தெரியும்.

அந்த நேரம் பார்த்து மூக்கம்மாள் வந்தாள். துப்புரவுப் பிரிவில் மேஸ்திரி, கோயில் கமிட்டிக்குத் தலைவி. இந்தக் கோடியில் அவள் கிசுகிசுத்தால் அந்தக் கோடியில் கேட்கும்.

"ஏட்டி செல்வி, பஸ்ஸு பேசியாச்சு! கலூர் ஸ்டாண்டுல ஓடுற பஸ்ஸுதான், ஞாயித்துக்கெழம ஃப்ரீயாம். அம்பத்திரண்டு சீட்டும் ஃபுல்லு. ராமாத்தாவுக்கு சீட் இல்லன்னு ஒரே கரச்சல். அவ மடியில இருந்து வாரேன்னு சொல்லுதா!"

"யாரு மடியிலக்கா?"

"அது அவ பாடு. நீ முன்னால டிரைவர் பக்கத்துல. நாங்க எல்லாம் புதுச் சேலை."

அவள் போனதும் செல்வி தலையில் கை வைத்துக்கொண்டாள். ஐம்பத்திரண்டு பேரும் புதுச் சேலை கட்டிக்கொண்டு போய் இறங்க, அங்கே இவள் குடம் ராக்கெட் மாதிரிக் கிளம்பினால் மானம் கப்பலேறிவிடும். மட்டாஞ்சேரியில் கப்பலுக்கும் குறைவில்லை.

வெள்ளிக்கிழமை ஆட்டோவை ஷெட்டில் விட்டதும் நேராக நிகில் வீட்டுக்குப் போனாள். ஆணியைப் பிடுங்கினார்கள். கேமை ஒவ்வொரு வரியாகப் படித்துப் பார்ப்பது என்று உட்கார்ந்தார்கள். நிரல் எழுதுகிறவர்கள் நடுநடுவே தங்களுக்காகக் குறிப்பு எழுதி வைப்பார்கள். செல்வியும் எழுதியிருந்தாள். படித்தது மலையாளப் பள்ளிக்கூடம் என்பதால் அவளுக்குத் தமிழ் பேச வரும், எழுத வராது. குறிப்பெல்லாம் தமிழ்ப் பேச்சு, மலையாள எழுத்து. இதனால் ஒரு சௌகரியம், நிகிலும் படிக்கலாம். பாதி புரியாவிட்டாலும் உரக்கப் படித்துக்கொண்டு போனான். குடத்தின் எடையை எழுதுகிற இடம் வந்தது.

"காப்புக் கெட்டாம குடத்த நெறைக்கப்படாது. அதனால பூஜ்யம்," என்று படித்துவிட்டு நிமிர்ந்தான். "இதெந்தா சேச்சி? எடை பூஜ்யமோ?"

செல்வி நெற்றியில் அடித்துக்கொண்டாள்.

மூன்று வருஷத்துக்கு முன்னால் தன் கையால் எழுதிய வரி, எழுதின சுவடே மறந்துபோயிருந்தது. ஒத்திகையில் பிச்சை வைப்பது வெறும் குடம். அம்மனுக்கு நேர்ந்து, கையில் மஞ்சள் கயிற்றால் காப்புக் கட்டின பிறகுதான் குடத்தில் தண்ணீர் நிறையும். அதற்கு முன்னால் ஒரு சொட்டு விடக்கூடாது. காலனியில் பால்குடி மறக்காத பிள்ளைக்கும் தெரிந்த சட்டம் இது. எஞ்சின் எடையைக் கேட்டபோது செல்வியின் கை தானாகப் பூஜ்யம் போட்டிருக்கிறது. உலகத்தில் எத்தனையோ லட்சம் பேர் கேம் செய்கிறார்கள். இந்தக் காரணத்துக்காகப் பூஜ்யம் போட்டவள் இவள் ஒருத்தியாகத்தான் இருக்கும்.

"பின்னே மூணாம் பதிப்புல எப்படி நின்னது?" என்று நிகில் கேட்டான்.

பழைய பதிப்பின் விளக்கக் குறிப்பைத் தேடி எடுத்தார்கள். மூலையில் ஒற்றை வரி இருந்தது. எடை என்ற இடத்தில் பூஜ்யம் இருந்தால், எழுத மறந்துவிட்டார்கள் என்று எடுத்துக்கொண்டு, வண்டு மூன்று தானாகவே ஒரு கிலோவைப் பொருளின் அடியில் வைத்துவிடுமாம். அதாவது, மூன்று வருஷமாக யாருக்கும் தெரியாமல் குடத்தில் அது தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்திருக்கிறது. வண்டு ஐந்து படித்த பிள்ளை. பூஜ்யம் என்றால் பூஜ்யம். எடையே இல்லாத குடம், தலை லேசாக இடித்ததும் பறந்துவிட்டது.

செல்விக்கு அந்தப் பழைய பதிப்பின் மேல் பாசம் பொங்கிக்கொண்டு வந்தது. தப்பைச் சொல்லிக் காட்டாமல், ஓசைப்படாமல் சரிசெய்துவிட்டு வாயை மூடிக்கொண்டிருக்கிற சொந்தக்காரர் எத்தனை பேருக்கு வாய்ப்பார்?

"எளுப்பம் சேச்சி. குடமும் தண்ணியும் சேத்து ஆறு கிலோ அடியில வச்சா மதி" என்று நிகில் கீபோர்டை அவள் பக்கம் தள்ளினான். செல்வி விரலைக் கொண்டுபோனாள். ஆறு என்ற எண்ணுக்கு மேல் விரல் நின்றது. அழுத்த முடியவில்லை.

"எந்தா?"

"காப்புக் கட்டல."

"சேச்சி, இது கம்ப்யூட்டர்!"

"எனக்குத் தெரியாதா? கை போக மாட்டேங்குது."

அவள் ஒன்றும் மூடநம்பிக்கைக்காரி இல்லை. தினமும் ராகு காலத்தில் ஆட்டோ எடுக்கிறாள். பூனை குறுக்கே போனால் பூனைக்கு வழிவிட்டுப் போகிறாள். ஆனால் குடம் அப்படி இல்லை. நிகில் வெறும் பித்தளைக்கு உள்ள இரண்டு கிலோவை மட்டும் போட்டுப் பார்த்தான். கனம் அடியில் நிற்காமல் குடம் முழுக்கப் பரவியதால் ஏழாவது அடியில் கவிழ்ந்தது. "சேச்சி மாறிக்கோ, நான் அழுத்தறேன், நான் உங்க கோயில் ஆளில்லயே" என்றான். அதற்கும் அவள் மனசு ஒப்பவில்லை. லேப்டாப்பைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, அவனையும் இழுத்துக்கொண்டு, கோயிலுக்கு நடந்தாள்.

பூசாரி சிவசங்கரன் மற்ற நாளில் பஞ்சர் கடை வைத்திருப்பவர். வெள்ளிக்கிழமை சாயங்காலம் என்பதால் கையில் கிரீஸ் இல்லாமல், நெற்றி நிறையத் திருநீறோடு இருந்தார். மூக்கம்மாளும் அங்கேதான் இருந்தாள். செல்வி நடந்ததை முதலிலிருந்து சொன்னாள். மூன்று வருஷமாகக் காப்புக் கட்டாமலே எஞ்சின் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்ததைச் சொல்லும்போது கன்னத்தில் போட்டுக்கொண்டாள்.

"தெரியாம நடந்ததுக்குத் தோஷம் இல்ல" என்றார் சிவசங்கரன். "இனிமே ஊத்தணும்னா தெரிஞ்சு ஊத்தணும். அதான் சங்கதி."

"அப்போ காப்பு யாருக்குக் கெட்டுறது?" என்று மூக்கம்மாள் கேட்டாள். "பொம்மைக்கா?"

இதில் கொஞ்ச நேரம் வாக்குவாதம் நடந்தது. நடக்கிறது பிச்சையின் நடை, அதனால் பிச்சைக்குக் கட்டலாம் என்று ஒரு கட்சி. விளையாடுகிற எல்லாருக்கும் கட்டினால் மஞ்சள் கயிறுக்கு எங்கே போவது என்று இன்னொரு கட்சி. தனக்குக் கட்டினாலும் சரிதான் என்றான் நிகில். "ஆளு வச்சு நோம்பு இருக்கலாமா மோனே?" என்று மூக்கம்மாள் அவன் வாயை அடைத்தாள். கடைசியில் சிவசங்கரன் தீர்ப்புச் சொன்னார்.

"யாரு கை கொடத்த நெறைக்குதோ அந்தக் கைக்குத்தான் காப்பு. பூசாரின்னு எனக்கு ஒண்ணு. நெறைச்ச கொடத்துக்கு ஒத்திகை கெடையாது. எடுத்தா, முதல் தடவை பிச்சைதான் எடுக்கணும், எடுத்தது கோயில்லதான் எறங்கணும். அதுக்குப் பொறவு ஆரு எடுத்தாலும், போட்டாலும், அது வெளையாட்டு. அம்மன் கணக்குல வராது."

செல்வி தலையாட்டினாள். சிவசங்கரன் மஞ்சள் கயிற்றை எடுத்தவர் ஒரு நிமிஷம் நிறுத்தினார்.

"காப்புக் கெட்டுனா பாலம் தாண்டப்படாது. கரகம் கோயில் சேருத வரைக்கும். தெரியும்லா?"

தெரியும். காலனியில் எல்லாருக்கும் தெரியும். காப்புக் கட்டின ஆள் எல்லையைத் தாண்டக்கூடாது. எல்லை என்பது தோப்பும்படிப் பாலம். கலூர் இருப்பதோ பாலத்துக்கு அந்தப் பக்கம். திருவிழாவில் கரகம் வீடு வீடாகப் போய் எட்டாம் நாள்தான் கோயிலுக்குள் வரும். எட்டு நாள். கண்காட்சி நாளை மறுநாள்.

குடம் நிறைந்தால் கேம் கலூருக்குப் போகும், அவள் போக முடியாது. நிறையாவிட்டால் அவள் போகலாம், கொண்டுபோக கேம் இருக்காது. பின்னால் நின்று பார்க்க ஆசைப்பட்டாளே, அந்த முகம் தெரியாத ஆளின் கழுத்து, அது இரண்டு வழியிலும் இல்லை.

"கெட்டுங்கண்ணே" என்று வலது கையை நீட்டினாள்.

மஞ்சள் துண்டு வைத்து முடிந்த கயிறு மணிக்கட்டில் ஏறியதும், கோயில் வாசலிலேயே லேப்டாப்பைத் திறந்து, மூன்று தடவை மூக்கம்மாள் குலவை இட, ஆறு என்ற எண்ணை அழுத்தினாள். திரையில் பிச்சையின் உருவம் படகுத்துறையில் நின்றது. தலையில் குடம் இருந்தது. மூச்சு விடுகிற அளவுக்கு லேசாக அசைந்தது, நின்றது. அதற்கு மேல் ஓர் அடிகூட அவள் நடத்திப் பார்க்கவில்லை. ஒத்திகை கிடையாது என்றால் கிடையாது. சோதித்துப் பார்க்காமல் கேமை வெளியே விடுவது என்பது, உப்புப் பார்க்காமல் பந்திக்குச் சாம்பார் அனுப்புகிற மாதிரி. கேம் செய்கிற யாரிடம் சொன்னாலும் மார்பில் அடித்துக்கொள்வார்கள். சனிக்கிழமை மத்தியானம் நிகில் அதைக் கலூரில் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வந்தான்.

ஞாயிற்றுக்கிழமை எட்டு மணிக்குப் பஸ் வந்தது. ஐம்பத்திரண்டு சீட்டும் டிரைவர் பக்கத்து இடமும் சேர்த்து ஐம்பத்து மூன்று பேர். ராமாத்தாள் யார் மடியிலும் உட்காரவில்லை. டிரைவர் பக்கத்தில் செல்விக்கு வைத்த இடத்தில் உட்கார்ந்தாள். சன்னல் வழியாக எல்லாரும் கை ஆட்டினார்கள். பிச்சை இறங்கி வந்து, "நான் கவிழ்த்துட்டா என்ன புள்ள செய்ய?" என்று கேட்டார். புதுச் சட்டை போட்டிருந்தார்.

"கழுத்தை ஆட்டாம விரலை ஆட்டுங்கண்ணே, போதும்."

"அது நம்ம கையில இல்ல" என்று சொல்லிவிட்டு ஏறிக்கொண்டார்.

பஸ் போன பிறகு காலனியில் ஆடுகள் மட்டும் இருந்தன. செல்வி கோயில் படியில் வந்து உட்கார்ந்தாள். அழக்கூடாது என்று நினைத்தாள், கொஞ்சம் அழுதாள். சிவசங்கரன் அதைப் பார்க்காத மாதிரி விளக்கைத் துடைத்துக்கொண்டிருந்தார். அவர் கையிலும் காப்பு இருந்தது. அவரும் கலூருக்குப் போக ஆசைப்பட்டவர்தான்.

பத்தே காலுக்கு மூக்கம்மாள் வீடியோ கால் போட்டாள். திரையில் முதலில் மண்டபத்து மின்விசிறி தெரிந்தது. அப்புறம் மூக்கம்மாளின் காது தெரிந்தது. அதற்கு மேல் எதுவும் தெரியவில்லை. போனைக் காதில் வைத்துத்தான் அவளுக்குப் பேச வரும்.

"செல்வி, பெரிய்ய ஸ்கிரீனு! நம்ம படகுத்துறை சினிமா மாதிரி இருக்கு. பிச்சை கெளம்பிட்டாரு!"

"குடம் நிக்குதாக்கா?"

"நிக்குதுடீ! ஆடு வந்தாச்சு... ஆட்டைத் தாண்டியாச்சு. ஐயோ, மூட்டைக்காரன்!"

செல்வி போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். சிவசங்கரன் துணியைப் போட்டுவிட்டுப் பக்கத்தில் வந்து குந்தினார். பஜார் ரோடு முடிந்தது. யூதர் தெருவான ஜூ டவுன் வளைவில் வெள்ளைக்காரி வந்தாள். அந்த வளைவைப் பிச்சை ஒருநாளும் தாண்டியதில்லை.

"சாயுது, சாயுது! கொடம் சாயுதுடீ! இவரு கழுத்தும் சாயுது, பக்கத்துல நிக்கிற ராமாத்தா கழுத்தும் சாயுது... நேராயிட்டு! தானா நேராயிட்டு செல்வி!"

அடியில் கனம் இருந்தால் குடம் சாய்ந்தாலும் தானே நிமிரும். நிறைகுடம் தளும்பாது என்று சும்மாவா சொன்னார்கள்? ஆனால் அந்த நேரத்தில் செல்விக்குப் பழமொழி எதுவும் நினைவுக்கு வரவில்லை. இன்னும் இரண்டு சந்து. இன்னும் ஒரு சந்து. ஆட்டோ ஹாரன். அப்புறம் மூக்கம்மாளின் பேச்சே நின்றுபோனது.

"அக்கா? அக்கா, என்னாச்சு?"

பதிலுக்கு வந்தது குலவை. ஒரு வாயில் கிளம்பி, பத்து வாயில் சேர்ந்து, ஐம்பத்து மூன்று பேரும் கலூர் மண்டபமே அதிரக் குலவை இட்டார்கள். போனின் ஸ்பீக்கர் கரகரத்தது. கோயில் படியில் படுத்திருந்த ஆடு எழுந்து ஓடியது.

"எதுக்குக் கொலவ?" என்றார் சிவசங்கரன். அவருக்குத் தெரியும். இருந்தாலும் கேட்டார்.

"கரகம் கோயில் சேர்ந்துட்டுண்ணே" என்றாள் செல்வி. சிரிப்பும் அழுகையுமாக வந்தது.

"கேமுல சாமி காலடியில தண்ணி எறக்குவீங்கள்லா? எறக்கியாச்சா?"

போனில் கேட்டாள். எறக்கியாச்சு, பிச்சை உட்கார்ந்து அழுதுகொண்டிருக்கிறார் என்று மூக்கம்மாள் சொன்னாள்.

"அப்ப கையை நீட்டு."

"எதுக்கு?"

"காப்ப அவுக்க."

செல்வி விழித்தாள். "எட்டு நாள் ஆகணுமே அண்ணே?"

"எட்டு நாளுன்னு ஆரு சொன்னா? கரகம் கோயில் சேருத வரைக்கும்னுதான் நான் சொன்னேன். நடந்து வந்தா எட்டு நாள். உன் கரகம் பதினோரு நிமிஷத்துல வந்துட்டு. வந்த பொறவு எதுக்குக் கயிறு?" என்று சொல்லிக்கொண்டே முடிச்சை அவிழ்த்தார். பிறகு தன் கையை நீட்டினார். "எனக்கும் அவுத்து விடு. ஸ்கூட்டர்ல பெட்ரோல் இருக்கு."

திருநீறு பூசிய பூசாரி ஹெல்மெட் போட்டுக்கொண்டு ஸ்கூட்டர் ஓட்ட, பின்னால் செல்வி குப்பை ஆட்டோ ஓட்டுகிறவளின் பொறுமையின்மையோடு, "இடது பக்கம் வெட்டுங்கண்ணே, அந்த லாரிக்காரன் வழிவிட மாட்டான்" என்று வழி சொல்லிக்கொண்டே போனாள். தோப்பும்படிப் பாலத்தில் ஏறும்போது சிவசங்கரன் ஒரு கையால் கன்னத்தில் போட்டுக்கொண்டார். செல்வி இரண்டு கையாலும் போட்டுக்கொண்டாள்.

மண்டபத்துக்குள் நுழைந்தபோது பதினொன்றரை. நிகில் தூரத்திலிருந்து பார்த்துவிட்டு வாய் பிளந்தான். காலனி ஜனங்கள் ஓடிவரப் பார்த்தார்கள். அவள் உதட்டில் விரல் வைத்து எல்லாரையும் நிறுத்தினாள். திரைக்கு முன்னால் ஒரு வரிசை நின்றது. முன்னால் விளையாடிக்கொண்டிருந்தவர் ஐம்பது வயது மனுஷர். ஏலூர்ப் பக்கத்துத் தொழிற்சாலைச் சீருடை, தோளில் சாப்பாட்டுப் பை. இரவு ஷிஃப்ட் முடிந்து வீட்டுக்குப் போகிற வழியில் மழைக்கு ஒதுங்குகிற மாதிரி உள்ளே வந்திருப்பார் போல. தலையில் இருப்பது கரகம் என்றுகூட அவருக்குத் தெரிந்திருக்காது.

செல்வி பூனை மாதிரி நடந்து அவருக்குப் பின்னால் போய் நின்றாள்.

திரையில் ஆடு குறுக்கே வந்தது. குடம் இடது பக்கம் சாய்ந்தது. அந்த மனுஷரின் கழுத்து மெல்ல, மெல்ல, வலது பக்கம் சாய்ந்தது. சாப்பாட்டுப் பை தோளிலிருந்து நழுவி முழங்கைக்கு வந்தது. அவர் கவனிக்கவில்லை. பின்னால் நின்ற செல்வியின் கழுத்தும் சாய்ந்தது. குடம் விழுந்தது.

"ஸ்ஸோ!" என்றார் அவர். பின்னால் வரிசையில் நின்றவர்களைத் திரும்பிப் பார்த்து, கெஞ்சுகிற முகத்தோடு, இன்னும் ஒரே ஒரு தடவை என்பது போல ஒரு விரலைக் காட்டினார்.

"ஒரு வட்டம் கூடி?"

"கூடி, கூடி" என்றாள் செல்வி.